ஈட்டி பிடித்து நின்ற செல்லையர்

இன்று காலை அரியாலைச் சந்தியில் ஒருவர் மதிலில் கண்ணீர் அஞ்சலி ஒட்டிக்கொண்டிருந்தார். வாளி நிறையக் கோதுமை மாப் பசை. அந்தப் புளித்த மணம் மூக்கில் ஏறியதும் சைக்கிளை விட்டு இறங்கிவிட்டேன். செத்தவர் யாரென்று பார்க்க இறங்கியதாக அவர் நினைத்திருப்பார். நான் நின்றதோ என் இருபத்துமூன்று வயதில், ஒரு பத்திரிகைக் கந்தோரின் பின்னறையில்.

உதவி ஆசிரியர் என்பது பதவி. வேலை, அச்சுக்குப் போகும் பக்கத்தைப் பசை பூசி ஒட்டுவது, தேத்தண்ணி வாங்கப் போவது, கவிஞன் என்ற மிதப்பில் இரண்டையும் பிழையாகச் செய்வது.

அந்த மிதப்போடுதான் கொழும்புத்துறையில் மகள் வீட்டில் இருந்த செல்லையரைப் பற்றிக் கட்டுரை எழுதத் தேடிப் போனேன். மயிலிட்டிக்காரர். இளந்தாரியாய் வள்ளமேறி இந்தியாவுக்குப் போய், ஊமைப்படங்களில் நடித்தவர். பதினொரு படம். எல்லாவற்றிலும் ராசாவுக்குப் பின்னால் ஈட்டி பிடித்தார், இல்லையென்றால் இடைவேளைக்கு முன் செத்தார். ஒன்றில், நடிக்கப் பெண்கள் கிடைக்காமல், சேலை கட்டி ராணிக்கு விசிறினார். ஊர் வைத்த பேர் ஊமைச் செல்லையர். வாய் மூடாத மனிசனுக்கு!

“கதைக்கிற படம் வந்தோடனை என்னைக் கலைச்சுப்போட்டாங்கள், தம்பி. ‘கொண்டு வருகிறேன் அரசே’ எண்டு சொல்லச் சொன்னவங்கள். நான் ‘கொண்டு வாறன் அரசே’ எண்டன். விளக்குப் பிடிச்சவனும் சிரிச்சான்.”

அவர் நடித்த படச்சுருள்கள் எரிந்தும் உக்கியும் போயிருந்தன. மிஞ்சியது ஒரேயொரு புகைப்படம். நடுவில் ராசா, சுற்றி நாலு பேர், வலது கரையில் ஈட்டியோடு செல்லையர். மருமகன் அதையும் நம்பவில்லை.

“உவர் அங்கை தேத்தண்ணிக் கடையிலை கோப்பை கழுவினவர். உந்தப் படத்தை எந்தச் சந்தையிலை வாங்கினாரோ!” என்று என் முன்னாலேயே சொன்னார்.

செல்லையர் கோபிக்கவில்லை. படத்தைக் கடுதாசியில் சுற்றி என் கையில் தந்தார். “பேப்பரிலை வரட்டும். அதுக்குப் பிறகு உவரின்ரை வாய் மூடும்.”

அவருக்கு வேண்டியிருந்தது அவ்வளவுதான். சாகமுன் ஒருதரமாவது, தன் வீட்டில், பொய்க்காரன் இல்லையென்று ஆகவேண்டும்.

கட்டுரைக்கு அரைப்பக்கம் ஒதுக்கியிருந்தேன். பக்கம் முடிகிற நேரம் ஒரு மரண அறிவித்தல் வந்தது. எங்கள் ஊர் மரண அறிவித்தலைத்தான் உங்களுக்குத் தெரியுமே: பாசமிகு, அன்பு, ஆருயிர் என்று லண்டன் வரைக்கும் உறவு நீளும். ஒரு பேர் விட்டாலும் அடுத்த நாள் சண்டைக்கு வருவார்கள். “தம்பி, படத்தை ஒடுக்கு,” என்றார் மனேச்சர். எந்த அளவுக்கு அச்சிடவேண்டும் என்று படத்தில் பென்சிலால் கோடு போட்டிருந்தால் போதும். நான் சவர பிளேட்டை எடுத்தேன். ஒடுங்கிய இடத்தில் ஒரு ஆள்தான் கொள்ளும். ராசா இல்லாத சினிமாப் படத்தை யார் பார்ப்பார்கள் என்று நினைத்தேன். தெரிந்துதான் செல்லையரை வெட்டினேன். வெட்டின துண்டைப் பிறகு ஒட்டிக் கொடுக்கலாம், பேர்தான் கீழே வருகிறதே என்றும் நினைத்தேன். அந்தத் துண்டு பசைக் கடுதாசிகளோடு சேர்ந்து குப்பைக்குள் போயிற்று. கையால் கிளறித் தேடினேன், கிடைக்கவில்லை.

பேப்பர் வந்தது. கிரீடம் வைத்த ராசா. கீழே, செல்லையரின் பேர்.

நான் போனபோது மருமகன் பேப்பரை விரித்து வைத்து, அயலட்டைச் சனத்துக்குக் காட்டிக்கொண்டிருந்தார். “எங்கடை மாமா ராசாவெல்லே! உந்த மூக்கைப் பாருங்கோ. உது இவரின்ரை மூக்கோ? பொய்யெண்டாலும் ஒரு அளவு வேணும்!”

செல்லையர் சாய்மனைக் கதிரையில் இருந்தார். வெட்டியதைச் சொன்னேன். மருமகனுக்கும் கேட்கும்படிதான் சொன்னேன். “கெட்டிக்காரன். மாமா உம்மையும் தன்ரை பக்கம் பிடிச்சிட்டார்,” என்று மருமகன் சிரித்தார். மிச்சப் படத்தைச் செல்லையரின் மடியில் வைத்தேன். கரையை விரலால் தடவிப் பார்த்தார்.

போர்க்கால இடப்பெயர்வில் அந்த வீடு போயிற்று. கந்தோர் போயிற்று, என்னிடமிருந்த பேப்பர் பிரதியும் போயிற்று. செல்லையர் தென்மராட்சியில் ஒரு பள்ளிக்கூடத்துத் தாழ்வாரத்தில் செத்தாராம். அறிவித்தல் போட அப்போது பேப்பரே இல்லை. பதினொரு படத்தில் நின்ற மனிசனின் முகத்துக்கு இன்று எங்கும் ஒரு சாட்சியில்லை. கடைசியாக இருந்ததை வெட்டினது நான்.

வெட்டியதை நான் சொன்ன அன்று, படலைவரை என்னோடு வந்த செல்லையர், கொழுக்கியைத் திறந்துவிட்டுச் சொன்னார்:

“படத்திலை என்னை வெட்டினவங்கள் ஒருத்தரும் வந்து சொன்னதில்லை, தம்பி. படக்கொட்டகையிலை இருந்து பாத்துத்தான் அறிஞ்சனான். நீர் வந்து சொன்னீர். போயிட்டு வாரும்.”