களாமுள் முடி

டயரின் உட்புறத்தில் நான்கு விரல்களை ஓட்டும்போது சவுரிமுத்து கண்ணை மூடிக்கொள்வார். ராஜகீழ்ப்பாக்கம் சந்திப்பில் அவருடைய பஞ்சர் கடைக்கு வண்டியைத் தள்ளி வந்தவர்கள் அவசரப்பட்டுப் பயனில்லை. "ட்யூப் ஒட்றது இன்னா பெரிய வேலை சார், பத்து நிமிசம். உள்ள முள்ளு கீதான்னு பாக்கணும். அத வுட்டுட்டு ஒட்டினா நாளைக்கே திரும்ப தள்ளிகினு வருவீங்க" என்பார். வந்தவர் கைக்கடிகாரத்தைப் பார்ப்பார். சவுரிமுத்துவின் விரல்கள் இரண்டாம் சுற்று கிளம்பும்.

அறுபத்திரண்டு வயது. தலை முழு வழுக்கை. அந்த வழுக்கைக்கும் வருடத்தில் ஒருநாள் உத்தியோகம் உண்டு. பெரிய வெள்ளியன்று பங்குக் கோயிலின் சிலுவைப் பாதையில் ஏசுவாக நடப்பவருக்கு முள்முடி செய்து தருவது பத்தொன்பது வருடமாக இவர்தான். கல்லறைத் தோட்டத்துப் பின்சுவரை ஒட்டி ஒரு களாச்செடி நிற்கிறது. இரண்டு முறை அதை வெட்ட ஆள் வந்தபோது, இவர் கடையை அப்படியே போட்டுவிட்டு ஓடிப்போய்க் குறுக்கே நின்றார். பெரிய வெள்ளிக்கு முந்தைய தவக்காலத்தில்தான் அது பூக்கும். வெள்ளை வெள்ளையாய்ப் பூ, மல்லிகைக்குச் சளைக்காத வாசனை, பூவுக்குப் பக்கத்திலேயே இரட்டை இரட்டையாய் முள். காய் கறுத்துப் பழுக்கிற காலத்தில் மட்டும் செடிக்குச் சொந்தக்காரர்கள் கூடிவிடுவார்கள்.

இளங்கிளைகளை வெட்டிவந்து, ட்யூபில் காற்று கசிகிறதா என்று பார்க்கும் அதே தண்ணீர்த் தொட்டியில் ஊறப்போடுவார். நன்றாக வளையும் பதம் வந்ததும் முடியாகப் பின்னி, பழைய ட்யூபின் கீற்றுகளால் கட்டுவார். பிறகுதான் மெய்யான வேலை. வெளிமுள்ளை எல்லாம் விட்டுவிட்டு, உள்பக்க முட்களை நகவெட்டியால் ஒவ்வொன்றாக நறுக்கி, அரத்தால் தேய்ப்பார். கடைசியில் தன் தலையில் வைத்து அழுத்திப் பார்ப்பார். "மொட்டத் தலைல குத்தலன்னா, முடி கீறவனுக்கு எங்க குத்தப்போவுது?"

இந்த வருடம் இளைஞர் குழுவில் சீட்டுக் குலுக்கியதில் ஏசு வேடம் ஜெஃப்ரிக்கு விழுந்தது. நாவலூரில் ஐ.டி. வேலை. ஆறு மாதம் முன்புவரை சவுரிமுத்துவின் மகள் ஜோசலினுக்கு நிச்சயமான மாப்பிள்ளை. கோயிலில் மூன்று ஞாயிறு வாசிக்க வேண்டிய கல்யாண அறிவிப்பு ஓலை, முதல் ஞாயிறோடு நின்றுபோனது. மனசு ஒப்பவில்லை என்று போனில் இரண்டு வரி அனுப்பியிருந்தான். சொந்தக் கோயிலில் நாலு பேர் பார்வைக்குக் கூசி, ஜோசலின் அன்றிலிருந்து பூசைக்குத் தாம்பரம் போகிறாள்.

"இந்த வாட்டி நகவெட்டிய எடுக்காத. குத்தட்டும்" என்றாள் மனைவி ஜான்சி. கோபம் சவுரிமுத்துவுக்கும் ஆறவில்லை. முடியைப் பின்னினார், கட்டினார், ஒரு முள்ளைக்கூட நறுக்காமல் கடை ஆணியில் மாட்டினார். ஊறவைத்தும் உதிராத பூ ஒன்றிரண்டு அதில் ஒட்டியிருந்தது.

வியாழன் மாலை அளவு பார்க்க ஜெஃப்ரி வந்தான். நிச்சயமான பிறகு வாய் நிறைய 'மாமா' என்றவன், இப்போது "அங்கிள்" என்றான். முடியை அவனே ஆணியிலிருந்து எடுத்து உள்பக்கம் திருப்பிப் பார்த்தான். முட்கள் அப்படியே இருந்தன. அவனுக்குப் புரிந்துவிட்டது.

"கட் பண்ணாதீங்க அங்கிள். இப்படியே இருக்கட்டும். எனக்கு வேணும்."

சவுரிமுத்து அப்போதுதான் அவன் முகத்தைச் சரியாகப் பார்த்தார். நன்றாக இளைத்திருந்தான்.

"ரெண்டு சொட்டு ரத்தத்த காட்டிட்டு கணக்கு தீந்துச்சின்னு போலாம்னு பாக்கிறியா? ஜோசலின் இன்னும் தாம்பரம் தான் போய்கினு கீறா. நாளைக்கு நெத்தில பிளாஸ்திரி போட்டுகினு நீ நின்னா அவ இங்க வந்துடுவாளா?"

ஜெஃப்ரி முடியை இன்னும் கையிலேயே பிடித்திருந்தான்.

"போய் அவகிட்ட பேசு. திட்டுவா. நின்னு வாங்கிக்கோ. இந்த முடி வேற விசயம். குடு இங்க."

முடியை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு நகவெட்டியை எடுத்தார். முட்கள் டக் டக்கென்று தரையில் விழுந்தன. நறுக்கிய இடத்தில் பால் கசிந்து விரலில் பிசுபிசுத்தது. பஞ்சர் ஒட்ட வந்த ஒருவரைக் காத்திருக்கச் சொன்னார். அரத்தால் தேய்த்து முடித்ததும், கண்ணை மூடி உள்பக்கம் நான்கு விரல்களை ஒரு சுற்று ஓட்டினார், இன்னொரு சுற்று ஓட்டினார். பிறகு முடியைத் தன் தலையில் வைத்து இரண்டு கையாலும் அழுத்தினார். இடது காதுக்கு மேலே ஒன்று சுருக்கென்றது. கழற்றி, முடியில் அந்த முள் இருந்த இடத்தை விரலால் விடாமல் பிடித்துக்கொண்டு, மறுபடி அரத்தை எடுத்தார்.