இரண்டு கைக்கு இரண்டு நூல்

என் மேசை இழுப்பறையில் முழ நீளத்தில் இரண்டு பட்டு நூல்கள் இருக்கின்றன. ஒன்று சிவப்பு, ஒன்று பச்சை. ஒவ்வொன்றிலும் நுனியை அடுத்து, நெருக்க நெருக்கமாகப் பதினொரு முடிச்சுகள். சிவப்பு என் அண்ணனின் வலது புஜத்துக்கான அளவு, பச்சை இடது புஜத்துக்கானது. பச்சையில் கடைசி ஐந்து முடிச்சுகள் பொய். போட்டவள் நான்தான். கொலை, கடத்தல், காணாமல்போன நகை என்று வாரம் ஒரு குற்றக் கதை எழுதித் தொலைக்காட்சியில் பிழைக்கிறவள் நான். சொந்தமாகச் செய்த ஒரே குற்றம் அந்த ஐந்து முடிச்சுதான் என்று பல வருடம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

ஆரணியில் எங்கள் வீட்டில் இரண்டு குழித்தறிகள். ஒன்றில் அப்பா, ஒன்றில் அண்ணன். எனக்கு அவன் மூன்று வயது மூத்தவன். தறியில் நடுவே தொங்குகிற கயிற்றை வலக்கை வெட்டி வெட்டி இழுக்க, குறுக்கு நூலைச் சுமக்கிற நாடா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடும். காலையிலிருந்து பொழுது சாயும்வரை அதே இழுப்பு. அண்ணனுக்குப் பதினைந்து வயதில் ஆரம்பித்தது, இருபதுக்குள் வலது புஜம் மட்டும் உருண்டு திரண்டுவிட்டது. அந்தக் கையைப் பார்த்துத்தான் அவனுக்கு ஆணழகன் ஆசையே வந்தது. அரிசிக் கிடங்குக்குப் பின்னால் தகரக் கொட்டகையில் ஒரு ஜிம் இருந்தது. இரும்பு கொஞ்சம், பெயின்ட் டப்பாவில் சிமெண்ட் ஊற்றி வைத்த எடைகள் மீதி. தறியை விட்டு எழுந்ததும் அங்கே ஓடுவான். சைவ வீடு என்பதால் அம்மா அவனுக்கென்று தனிச் சட்டியில் முட்டை வேகவைத்து, அந்தச் சட்டியைக் கழுவும்போதெல்லாம் முகத்தைச் சுளிப்பாள்.

ஊரில் நடந்த முதல் போட்டியில் ஆசையை உண்டாக்கிய அந்தக் கையே அவனுக்கு எதிரியாக நின்றது. இரண்டு பக்கமும் ஒத்துப்போக வேண்டுமாம். நடுவராக வந்தவர் சிரித்துக்கொண்டே, "தம்பிக்கு வலது கை நெசவாளி, இடது கை குமாஸ்தா" என்று மைக்கிலேயே சொல்லிவிட்டார். கூட்டம் கைதட்டியது. அண்ணன் வீட்டுக்கு வந்து இரண்டு நாள் ஜிம் பக்கமே போகவில்லை. மூன்றாம் நாள் அப்பாவிடம் போய் நின்றான்.

"ஒரு வருஷம் டைம் குடுப்பா. சென்னையில மாநிலப் போட்டி கீது. மொத மூணு எடத்துல வரலன்னா இந்தத் தறியிலயே குந்திக்கிறேன். அப்பறம் ஜிம்முன்னு வாயே தொறக்கமாட்டேன்."

"எழுதிக் குடுப்பியா?" என்றார் அப்பா, தறியில் விரித்திருந்த பாவு நூலிலிருந்து தலையைத் தூக்காமல். அவர் அப்படிக் கேட்டால் ஒத்துக்கொண்டார் என்று அர்த்தம்.

அன்றிலிருந்து அமாவாசைக்கு அமாவாசை அளவு எடுத்தோம். எங்கள் ஊரில் அமாவாசைக்குத் தறி ஓடாது. தெருவே சத்தமில்லாமல் கிடக்கும். தன் கையில் தானே முடிச்சுப் போட முடியாது என்பதால் வேலை என்னுடையது. இஞ்ச் டேப் வீட்டில் இருந்தது, ஆனால் எண்ணைப் பார்த்தால் அண்ணனுக்குச் சோறு இறங்காது. அதனால் நூல். கையை மடக்கி முறுக்கிக்கொண்டு, முகத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பிக்கொள்வான். நான் நூலைச் சுற்றி, நுனி வந்து தொடுகிற இடத்தில் முடிச்சுப் போட்டு, இரண்டையும் அவன் தறிக்கு மேலே ஆணியில் பக்கத்தில் பக்கத்தில் தொங்கவிடுவேன். முடிச்சுகள் நேருக்கு நேராக நின்றால் கைகள் சமம்.

ஆறு மாதம் ஆகியும் முடிச்சுகள் அப்படி நிற்கவில்லை. இடக்கைக்கு எவ்வளவு பயிற்சி கொடுத்தாலும், பகலெல்லாம் தறியிழுத்து வலக்கை முந்திக்கொண்டது. சிவப்பு முன்னே போக, பச்சை பின்னாலேயே நொண்டியது. ஆறாவது அமாவாசையன்று அவன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து போனதை என்னால் பார்க்க முடியவில்லை. அடுத்த அமாவாசைக்குப் பச்சையைச் சுற்றும்போது நூலுக்கும் தோலுக்கும் நடுவே என் நகத்தை மெல்லச் செருகினேன். அதற்கடுத்த மாதம் விரல் நுனி. அப்புறம் கொஞ்சம் கூடுதலாக விரல். சிவப்பு நூலை மட்டும் ஒருபோதும் திருத்தியதில்லை; அதை ஒழுங்காகவே அளந்தேன். பச்சை மெல்ல மெல்லச் சிவப்பை எட்டிப்பிடித்தது. அண்ணன் நன்றாகச் சாப்பிட்டான். எனக்கும் அப்பாடா என்று இருந்தது.

அந்த மாதங்களில் ஒருநாள் அப்பா போட்ட சத்தம் தெருமுனை வரை கேட்டது. பட்டு நூல் கொடுத்து நெய்யவைக்கிற முதலாளி வீட்டுக்குப் போக வேண்டிய கல்யாணச் சேலையில் கரை பாம்பாக நெளிந்திருந்தது. அண்ணன் கயிற்றை இடக்கையால் இழுத்து நெய்திருக்கிறான்.

"இன்னாடா பண்ணிகினு கீற? கல்யாணச் சேலைடா அது! கயித்த வலது கையில புடி!"

"சும்மா பழகிப் பாத்தேம்பா" என்று முனகினான். அப்புறமும் அப்பா வெளியே போகிற நேரமெல்லாம் கயிறு இடக்கைக்கு மாறியது. அப்பாவைப் பேஜார் பண்ணுவதற்கென்றே செய்கிறான் என்று நினைத்துச் சிரித்தேன். பிற்காலத்தில் துப்பறிகிற ஆட்களை எழுதப்போகிறவள், கண் முன்னால் கிடந்த துப்பை அப்படித்தான் தாண்டிப் போனேன்.

பதினொன்றாவது அமாவாசைக்குப் பிறகு சென்னைக்குப் போனான். ஐந்தாம் இடம். மறுநாள் மத்தியானம் வந்து, பையை வைத்துவிட்டு, நேராகத் தறிக்குழியில் இறங்கி உட்கார்ந்தான். நான் அடுப்பங்கரைக்குள் போய் அழுதேன். இடக்கை தேறிவிட்டது என்று பொய் சொல்லி, அதைக் கவனிக்காமல் விடவைத்தவள் நான்தானே. சொல்லிவிடலாமென்று எத்தனையோ முறை தறி வரைக்கும் போனேன். சாப்பிடக் கூப்பிட்டுவிட்டுத் திரும்பி வந்தேன்.

வாக்குக் கொடுத்தபடி ஜிம் பக்கம் திரும்பாமல் ஒரு வருடம் நெய்தான். குறை சொல்ல முடியாத சேலைகள். கடைசியில் அப்பாவுக்கே பொறுக்கவில்லை. "நீ நெய்யற சத்தமே நல்லால்ல. எங்கனா போயி எதனா தூக்கு, போ" என்றார். வேலூரில் பயிற்சியாளரானான், பிறகு பெங்களூர், பரிசுப் போட்டிகள், ஒருமுறை துபாய்கூட. அதையே தொழிலாக வைத்துக்கொண்ட ஆணழகன் எங்கள் தெருவில் அவன் ஒருவன்தான். பஸ் ஸ்டாண்டில் எண்ணெய் பளபளக்கும் அவனுடைய போஸ்டரைப் பார்த்துவிட்டு வந்த அம்மா, "ஊருக்கே துணி நெய்யற குடும்பத்துல பொறந்துட்டு, இப்படித் துணியில்லாம நிக்கறானே" என்று தலையில் அடித்துக்கொண்டாள். நான் போஸ்டரில் இடது கையை மட்டுமே பார்த்தேன். எல்லாப் படத்திலும் வலது தோளை முன்னால் தள்ளி, இடதைக் கொஞ்சம் பின்னுக்கு ஒளித்துத்தான் நின்றான்.

நான் கல்யாணமாகிச் சென்னைக்கு வந்து, தொடர்களுக்கு எழுத ஆரம்பித்தேன். வரும்போது ஆணியிலிருந்த நூல்களை யாரிடமும் கேட்காமல் எடுத்துக்கொண்டேன். "உங்க கதையில எப்பவுமே வீட்டு ஆளுதாம்மா குற்றவாளி. அதுவும் ரொம்பப் பாசமான ஆளு" என்று இயக்குநர் கிண்டல் செய்வார். ஒரு வாரம் கதை கிடைக்காத அவசரத்தில் அந்த நூலையே எழுதிவிட்டேன். நெசவாளி அண்ணன், பொய்யாக அளக்கும் தங்கை. அதை நம்பித் தாங்காத எடையைத் தூக்கி அவன் சாகிறான், இன்ஸ்பெக்டர் நூலை வைத்துக் கண்டுபிடிக்கிறார். ஒளிபரப்பான மறுநாள் காலையில் அண்ணன் போன் செய்தான். அப்போது ஆரணியில் சொந்தமாக ஜிம் வைத்திருந்தான்.

"கத பாத்தேன். என்னையே சாவடிச்சிட்டியே."

"ண்ணா..."

"அது கெடக்குது. கதையில தப்பு கீது. அந்த அண்ணங்காரன் நெய்யறவன்னு காட்டற. நூலு எழ தளந்திருந்தா நெய்யறவனுக்குத் தெரியாதா? நாள் பூரா அதான அவன் வேல. நூலுக்கு நடுவுல ஒரு வெரல் வேற."

"அப்ப ஒனக்குத் தெரியுமா?"

"ரெண்டும் சமம்னு நம்பனவன், அப்பா கையில திட்டு வாங்கிகினு இடது கையால எதுக்கு நெய்வான்? இத்தினி இன்ஸ்பெக்டர எழுதற, இத ஒருத்தனும் கேக்கலியா? அந்தக் கைய நான் விடவே இல்ல. அது அவ்ளோதான் வளந்துது, இன்னா பண்றது?"

"ஏண்ணா சொல்லல?"

பின்னால் இரும்புச் சத்தம் கேட்டது. "பசங்க வந்துட்டானுங்க, வெக்கிறேன்" என்றான்.

அது பதிலில்லையே என்று நாள் முழுக்கக் குடைந்தது. இழுப்பறையைத் திறந்து நூல்களை ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். பச்சையில் என் ஐந்து பொய்களும் அப்படியே இருந்தன. சிவப்பைச் சும்மாதான் தடவினேன். கடைசி முடிச்சுக்கு அப்பால், ஓர் அரிசி அகலம் தள்ளி, நகத்தில் ஏதோ இடறியது. இழை அங்கே நெளிந்திருந்தது. அங்கிருந்த முடிச்சை யாரோ ஊசி முனையால் அவிழ்த்து, பின்னுக்கு இழுத்துப் போட்டிருக்கிறார்கள். அது நானில்லை.

அப்போதுதான் ஞாபகம் வந்தது. பதினொன்றாவது அமாவாசையன்று, அவ்வளவு விரல் செருகியும் சிவப்பு இன்னும் ஒரு பொட்டு முன்னால்தான் நின்றது. அரை மனதாக ஆணியில் மாட்டிவிட்டுப் போனேன். மறுநாள் காலையில் பார்த்தால் இரண்டும் நேருக்கு நேர். "ண்ணா, சமமாயிடுச்சு பாருண்ணா!" என்று கைதட்டிக் குதித்தேன். தறிக்குழியில் உட்கார்ந்திருந்த அண்ணன் நூல்களைப் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்துச் சிரித்துவிட்டு, கயிற்றை இடக்கைக்கு மாற்றிக்கொண்டான்.