பிரபுவின் எச்சில்

இன்று காலை தக்கலை பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டிருந்தேன். புறப்பட்ட பஸ்சில் ஜன்னலோரம் இருந்த ஒருவர் வெற்றிலைச் சாற்றைத் துப்பினார். பாதி என் சேலைத் தலைப்பில். வீட்டுக்கு வந்து சோப்புப் போட்டு அலசிக் காயப்போட்ட பிறகும் குமட்டல் நிற்கவில்லை. எனக்கு இந்தக் குமட்டல் பழையது. சொல்கிறேன், நீங்கள் சாப்பிட்டாயிற்றுதானே?

இளவயதில் நான் மார்த்தாண்டத்தில் ஒரு டுட்டோரியலில் இங்கிலீஷ் டீச்சர். பூதப்பாண்டிப் பக்கம் சினிமா எடுக்க வந்தவர்கள், வெள்ளைக்காரர் ஒருவர் நடிக்கிறார், மொழிபெயர்க்க ஆள் வேண்டும் என்று கூப்பிட்டார்கள். இஸ்திரி போட்ட பருத்திச் சேலையும் ஏகப்பட்ட மிதப்புமாகப் போனேன். அவர் பேசியதில் பாதி எனக்குப் புரியவில்லை என்பது வேறு கதை.

ஆள் இங்கிலாந்தில் நிஜமான பிரபு. கோவளத்தில் ஆயுர்வேத எண்ணெய் தடவிக்கொள்ள வந்து தங்கியிருந்தவரை டைரக்டர் பிடித்து வந்திருந்தார். எல்லோரும் ‘லார்டு சார்’ என்றோம். சுருட்டும் பழைய தைலமும் கலந்த வாடை அவரிடம். யாருக்காவது கை கொடுத்தால், அவர்கள் முன்னாலேயே கைக்குட்டையால் துடைத்துக்கொள்வார். அதைப் பார்த்தும் டைரக்டர் பூரித்தார். “பாருங்க டீச்சர், என்ன ஒரு கம்பீரம்.”

வரி கட்டாத விவசாயிகள் வரப்பில் முட்டிபோட்டிருக்க, வெள்ளைக்காரக் கலெக்டராக வரும் லார்டு அவர்களில் ஒருவன் முகத்தில் துப்ப வேண்டும். அதுதான் காட்சி. பக்கவாட்டில் துப்பினால் போதும், கேமரா பார்த்துக்கொள்ளும் என்று டைரக்டர் சொன்னதை நான்தான் மொழிபெயர்த்தேன். லார்டு தலையாட்டினார். கேமரா ஓடியதும் நேரே செல்லத்துரை அண்ணன் கண்ணில் துப்பினார். அண்ணன் அருமனையில் ரப்பர் பால் வெட்டுகிறவர்; கூட்டத்தில் நடிக்க வந்திருந்தார்.

‘இன்னொரு தடவை’ என்றார் லார்டு. மறுபடியும் அதே இடத்தில். கொழகொழவென்று மீசையில் இறங்கியது. டைரக்டர் கைதட்டினார். நான் சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டேன்.

அண்ணன் தோளில் கிடந்த தோர்த்துத் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தார். “டீச்சரே, அவருட்ட ஒண்ணு கேளுங்க. இது நடிப்பா, நெசமா?”

கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே சொன்ன பதில் மட்டும் எனக்குத் தெளிவாகப் புரிந்தது. தன் தாத்தாவும் இந்தியாவில் கலெக்டராக இருந்தவராம். அவருக்கு இதற்கெல்லாம் ஒத்திகை தேவைப்படவில்லையாம்.

“வேற ஏதாவது சொல்லிச் சமாளிங்க” என்று டைரக்டர் கிசுகிசுத்தார். நான் அப்படியே தமிழில் சொன்னேன்.

அண்ணன் கத்துவார் என்று நினைத்தேன். அவர் எழுந்து, சினிமாக்காரர்கள் கட்டிவிட்ட கந்தலுக்கு மேல் தன் கைலியைச் சுற்றினார். “எந்திரிங்கலே, போவோம்.”

வரிசை முழுதும் எழுந்தது. வாய்க்காலில் இறங்கி ஒவ்வொருவராக முகம் கழுவினார்கள், துப்பல் படாதவர்களும். பிறகு பஸ்சுக்கு நடந்தார்கள். டைரக்டர் பின்னாலேயே ஓடிக் கெஞ்சினார், கடைசியில் கெட்ட வார்த்தை பேசினார். ஒருவரும் திரும்பவில்லை. ஆள் இல்லாத வயலில் லார்டு சார் குடைக்கடியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தார். மத்தியானம் கோவளத்துக்குப் போய்விட்டார். அவருடைய நடிப்பு அத்தோடு முடிந்தது. படத்தில் பவுடர் அப்பிய நம்மூர் ஆள்தான் கலெக்டர்.

அந்தப் படம் இப்போது எங்கும் கிடைப்பதில்லை. வயல் வீட்டுமனை ஆகிவிட்டது. போன மாதம் அதே பக்கம் இன்னொரு ஷூட்டிங். கேரவனிலிருந்து இறங்கிய நடிகர் வாய் கொப்பளித்த தண்ணீரைச் சிரித்துக்கொண்டே கூட்டத்தின் மேல் உமிழ்ந்தார். நனைந்த சட்டையோடு செல்ஃபி எடுத்துக்கொண்டார்கள். “நம்ம மேலயாக்கும் மக்கா விழுந்தது” என்று ஒருவன் போனில் யாரிடமோ சந்தோஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தான். அன்றைக்கு பஸ்சுக்கு நடந்தவர்களில் இப்போது ஒருவரும் உயிரோடு இல்லை.