விடைகள் எஸ்தரிடம் இருந்தன

பழைய பிளேடு புத்தகத்தின் தையலை அறுக்கும்போது எழும் "கர்ர்" என்ற ஓசை இன்றும் என் பல்லைக் கூசவைக்கிறது. விழுப்புரம் ரயில்வே குடியிருப்பின் பின்சுவரில் உட்கார்ந்து, எங்கள் இருவருக்குமாகக் கிடைத்த ஒரே அல்ஜீப்ரா புத்தகத்தை எஸ்தர் அன்று இரண்டாக்கினாள். கணக்குகள் இருந்த முன்பாதி எனக்கு. விடைகள் இருந்த பின்பாதி அவளுக்கு.

அதைப் பிரித்ததால் நாங்கள் பிரிய முடியாமல் போனோம். கணக்கு வேண்டுமென்றால் அவள் வர வேண்டும், போட்டது சரியா என்று பார்க்க நான் ஓட வேண்டும். வர்க்கமூலம் என்றால் எங்களுக்கு உயிர். நீண்டு கிடக்கும் கோவை சுருங்கிச் சுருங்கி இரண்டே உறுப்பாக வந்து நிற்கையில், கரிப்புகை படிந்த அந்தச் சுவரே குளிர்ந்துபோகும். நான் முதல் உறுப்பிலிருந்து தொடங்குவேன், அவள் கடைசியிலிருந்து.

"வாலப் புடிச்சிக்கினு ஏர்றா பாரு!" என்பேன்.

"நீ தலையில முட்டிக்கினு நில்லு" என்பாள்.

ரயில் தடம் மாற்றிவிடும் பாயிண்ட்ஸ்மேனாக இருந்த அவள் அப்பாவுக்குத் திண்டிவனத்துக்கு மாற்றல் வந்தது. கிளம்பும் நாளில் நாங்கள் போட்டது 9x² − 24xy + 16y². எனக்கு 3x − 4y வந்தது, அவளுக்கு 4y − 3x.

"தப்பு" என்றேன்.

"உன்னுதுதான்டி தப்பு."

விடைப்பாதியோ டிரங்குப் பெட்டியின் அடியில், மாட்டுவண்டியில் ஏறிவிட்டிருந்தது. முகம் கொடுக்காமலே பிரிந்தோம்.

"கணக்குக்கு விடை பாக்க ரயிலேறிப் போவியாடி? பேஜாரு புடிச்சவளே!" என்று அம்மா திட்டத் திட்ட, மல்லாட்டை மூட்டையோடு திண்டிவனம் மண்டிக்குக் கிளம்பிய மாமாவைத் தொற்றிக்கொண்டு ஒரு சனிக்கிழமை போய்விட்டேன். எஸ்தர் வாசலுக்கு ஓடிவந்தாள், முறுக்கு கொடுத்தாள், புதுப் பள்ளிக்கூடத்தில் பேச ஆளே இல்லை என்றாள். எதுவும் என் காதில் ஏறவில்லை.

"மொதல்ல புக்க எடு."

எடுத்தாள். 3x − 4y என்று அச்சாகியிருந்தது. நான் துள்ளினேன். அவள் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வர்க்கம் பண்ணிப் பாத்தேன்டி. என்னுதும் அதேதான் வருது."

"புக்க விட நீ பெரிய ஆளா?"

வெளியே மாமா, "ஜல்தி வா, பாசஞ்சர் பூடும்!" என்று கத்தினார். எஸ்தர் பின்பாதியை என் கையில் வைத்தாள். "நீயே வச்சிக்க" என்றாள்.

முழுப் புத்தகமும் என்னிடம் வந்துவிட்டது. அதன்பின் திண்டிவனம் போக எனக்கு ஒரு காரணமும் இல்லை.

கல்லூரியில் முதல் வருடம், பேராசிரியர் ஒரு வர்க்கமூலத்தின் முன் கூட்டல் குறியையும் கழித்தல் குறியையும் ஒன்றன்கீழ் ஒன்றாக இட்டு, இரண்டுமே மூலம்தான் என்று போகிற போக்கில் சொல்லிவிட்டு அடுத்த கணக்குக்குப் போனார். அன்றிரவே எஸ்தருக்கு எழுதினேன். விலாசத்தில் அப்படி யாருமில்லை என்று கடிதம் திரும்பி வந்தது.

இப்போது அந்தத் தடத்தில் கரிவண்டிகள் இல்லை. திண்டிவனத்தில் அவள் வீடிருந்த ஓட்டு வரிசையை இடித்துச் சிமெண்டு மூட்டை அடுக்கியிருக்கிறார்கள். அந்த வழியாக ரயிலில் போகும் ஒவ்வொரு முறையும் சன்னலோரம் உட்கார்ந்து, நடைமேடையில் நடக்கும் என் வயதுப் பெண்களின் முகங்களைத் துழாவுகிறேன். உன்னுதும் சரிதான்டி என்று சொல்ல அரை நிமிடம் போதும். வண்டி அங்கே இரண்டு நிமிடம் நிற்கிறது.