இடப்பக்கத்து அறைகள்

மில்லி என்ற பெயர் முதன்முதலாக எங்கள் குடும்பத்துக்குள் வந்தது ஒரு ஞாயிற்றுக்கிழமை, மதியச் சாப்பாட்டின்போது. பெரியப்பாவுக்கு மூன்று பிள்ளைகள். மூத்தவள் பள்ளிக்கூட நூலகத்தில் வேலை பார்த்தாள். எங்கள் எல்லோருக்கும் அவள்தான் அக்கா. நடுவுள்ளவள் அக்காவை முந்திக்கொண்டு கல்யாணம் பண்ணி வெளியூர் போய்விட்டாள். கடைக்குட்டி பையன், கப்பல் கட்டும் யார்டில் குழாய் வேலை. அன்றைக்கு அவன்தான் வாயைத் திறந்தான்.

"அப்பா, எங்க யார்டுல மில்லின்னு ஒருத்தர் இருக்கார். தச்சர். அக்காவுக்குப் பாக்கலாமா?"

பெரியப்பாவின் கை தட்டிலேயே நின்றது. "மில்லியா? ஒரு நாளைக்கு எத்தனை மில்லி?"

"ஐயோ, அது குடிக்கிற மில்லி இல்லப்பா. அளக்கிற மில்லி."

"குடிக்கிறவனும் அளந்துதான்டா ஊத்துவான்."

பெரியம்மாவுக்குப் புரையேறிவிட்டது. தண்ணீர் குடித்துவிட்டு அவள் பங்குக்குக் கேட்டாள்: "அளக்கிறவன்னா? வாய் கூசாம அளந்து விடுறவனா?"

விஷயம் இவ்வளவுதான். அந்தத் தச்சருக்கு அங்குலம், அடி, விரற்கடை எதுவும் வாயில் வராது. எல்லாமே மில்லிமீட்டர்தான். பெண் பார்க்க வந்தவர், பெண்ணைப் பார்ப்பதற்கு முன் வாசற்கதவைப் பார்த்தார். "இந்தக் கதவு நாலு மில்லி இறங்கியிருக்கு" என்றார். பையிலிருந்து திருப்புளியை எடுத்தார். தேநீர் ஆறுவதற்குள் கதவு சரியாகிவிட்டது. "கதவுக்குப் பிடிச்சிருக்கு, எனக்கும் பிடிச்சிருக்கு" என்று அக்கா சொல்லிவிட்டாள். அப்படித்தான் அவர் எங்கள் வீட்டு மாப்பிள்ளையானார்.

கல்யாணமாகி ஏழாவது வருஷம் யார்டுக்குப் பெரிய வேலை ஒன்று வந்தது. ஊர் ஊராகச் சுற்றிப் பார்ப்பவர்களை ஏற்றிப் போகும் உல்லாசக் கப்பல்கள், ஒன்றல்ல, நான்கு. நான்கும் ஒரே வரைபடத்தில் பிறப்பவை. அதனால் யார்டில் அவற்றை அக்கா தங்கைகள் என்றுதான் சொல்வார்கள். மூத்தவளுக்கு மூக்கில் ஒரு கோணல் இருந்தால் மற்ற மூவருக்கும் அதே மூக்கு, அதே கோணல்.

ஒவ்வொன்றும் முந்நூறு மீட்டருக்கு மேல் நீளம், பதினைந்து தளம், ஆயிரத்து அறுநூறு அறை. அந்த அறைகளைக் கப்பலுக்குள் கட்டுவதில்லை. பக்கத்துத் தொழிற்சாலையில் கட்டில், அலமாரி, குளியலறை எல்லாவற்றையும் பொருத்தி, ஒவ்வோர் அறையையும் பூட்டிய பெட்டியாகவே செய்துவிடுவார்கள். லாரியில் கொண்டுவந்து, கிரேனில் தூக்கி, கப்பலின் திறந்த விலாவழியே அலமாரிக்குள் இழுப்பறையைத் தள்ளுகிற மாதிரி தள்ளுவார்கள். யார்டில் அதற்குப் பெயரே பெட்டிதான்.

இத்தனை பெட்டிக்கும் முன்னால் கொட்டகைக்குள் ஒரு மாதிரி அறை கட்ட வேண்டும். கப்பல் கம்பெனிக்காரர்கள் வந்து அதில் படுத்துப் புரண்டு, குளித்துப் பார்த்து, இழுப்பறைகளை இழுத்து இழுத்துச் சாத்தி, கடைசியில் கையெழுத்துப் போடுவார்கள். போட்டபின் ஓர் ஆணிகூட இடம் மாறக் கூடாது. வரைபடப் பிரிவின் தலைவியை யார்டில் எல்லோரும் வரைபட அம்மா என்பார்கள். அவர் யோசிக்கவே இல்லை. "மில்லி கட்டட்டும்" என்று சொல்லிவிட்டார்.

மில்லி கட்டினார். கப்பலின் வலப்பக்கத்து அறை முதலில். அதில் குறை என்று யாரும் விரல் வைக்க முடியவில்லை. அடுத்தது இடப்பக்கத்து அறை. கப்பலின் இரண்டு பக்கமும் நம் இரண்டு கைகளைப் போல. ஒன்றைத் திருப்பினால்தான் மற்றது. ஆகவே இரண்டாவது அறைக்கு வரைபடமே கிடையாது. தாளில் ஒரே ஒரு வரி: முதல் அறையின் கண்ணாடி.

கட்டில் திரும்பியது, அலமாரி திரும்பியது, கதவின் கீல் திரும்பியது. குளியலறைச் சுவருக்குப் பின்னால் குழாய் இழுக்க வந்த அக்காவின் தம்பி, அதாவது அவருடைய மச்சான், தலையைச் சொறிந்தான்.

"அத்தான், பைப்பையும் மாத்தணுமா? வெந்நீர் எப்பவும் இடது பக்கம்தானே வரும்?"

"நீ கண்ணாடி முன்னாடி நின்னு வலது கையைத் தூக்கினா அது எந்தக் கையைத் தூக்குது மச்சான்?"

"இடது கையை."

"அப்புறம் என்ன? வெந்நீர் மட்டும் உங்க அக்கா மாதிரி, சொன்ன பேச்சு கேக்காம நிக்குமா? திருப்பு."

கொட்டகையே சிரித்தது. மச்சான் முகம் சிவக்க உள்ளே குனிந்து இரண்டு குழாய்களையும் மாற்றி இழுத்தான். மறுநாள் வேறொரு ஆள் வந்து குழாயின் கைப்பிடியைப் பொருத்திவிட்டுப் போனான். அது மொத்தமாக வெளியிலிருந்து வாங்கின சாமான். இடப்பக்கம் சிவப்புப் பொட்டு, வலப்பக்கம் நீலப் பொட்டு. கண்ணாடியில் எல்லாம் திரும்பும். வாங்கி வந்த கைப்பிடி திரும்புமா? இது யாருக்கும் உறைக்கவில்லை.

கம்பெனிக்காரர்கள் வந்தார்கள். முதல் அறையில் பாதி நாள் இருந்தார்கள். இரண்டாவது அறைக்கு வரும்போது களைத்துப் போயிருந்தார்கள். "இது அதோட கண்ணாடிதானே" என்று நின்றபடியே பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்கள். ஒரு மாதம் கழித்துத் தொழிற்சாலை ஓடத் தொடங்கியது. நாளுக்குப் பதினான்கு பெட்டி. ஏழு வலம், ஏழு இடம்.

நான்கு கப்பலின் அறைகளுக்கும் சேர்த்து ஒரு போர்மேன் வைக்கப்போகிறார்கள், அது மில்லிதான் என்று அலுவலகத்தில் பேச்சு அடிபட்டது. புதன்கிழமை அறிவிப்பு. பதினொரு வருஷமாக இன்னொருவர் சொன்னதைச் செய்தே பழகியவருக்கு அந்த வேலைமீது எவ்வளவு ஆசை இருந்தது என்று வாயால் அவர் சொன்னதில்லை. ஆனால் போர்மேன் உட்காரும் கண்ணாடிச் சுவர் போட்ட அறையில் மேஜையை எந்த மூலையில் போடலாம் என்று மில்லிக் கணக்கில் அளந்து வைத்துவிட்டார். அது அக்காவுக்கு மட்டும் தெரியும்.

அந்த ஞாயிறு, வேலைக்காரர்களின் குடும்பங்கள் வந்து பார்க்கும் நாள். அக்கா வந்தாள். கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்து பார்த்தாள், அலமாரியைத் திறந்து மூடினாள். கூட்டமாக இருக்கிறது என்று இரண்டாவது அறைக்குப் போனாள். கை கழுவக் கைப்பிடியை நீலப் பக்கம் தள்ளியவள், வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டாள்.

"என்னங்க, உங்க கப்பல்ல நீலம்னா சுடுமா?"

மில்லி சிரித்துக்கொண்டே உள்ளே வந்தார். தானும் கையை நீட்டினார். சிரிப்பு அப்படியே நின்றது. சிவப்புப் பக்கம் தள்ளிப் பார்த்தார். தண்ணீர் சில்லென்று வந்தது. அறைக்கு வெளியே நின்ற மச்சானைப் பார்த்தார். மச்சானும் அவரைப் பார்த்தான். இருவருக்கும் ஒரே நேரத்தில் புரிந்துவிட்டது.

சாயங்காலம் மூவரும் அக்கா வீட்டுச் சமையலறையில் உட்கார்ந்திருந்தார்கள்.

"இப்ப சொல்லாதீங்க அத்தான்" என்றான் மச்சான். "கையெழுத்து ஆயிடுச்சு. தொழிற்சாலையில பச்சைத் தண்ணி விட்டுத்தான் ஒழுகுதான்னு பாக்குறாங்க. கப்பல்ல கொதிகலன் ஓடுற வரைக்கும் யாருக்கும் தெரியாது. புதன்கிழமை போகட்டும், போர்மேன் ஆனதும் நீங்களே கண்டுபிடிச்ச மாதிரி சொல்லிக்கலாம்."

"இதுவரைக்கும் எத்தனை பெட்டி?" என்று கேட்டாள் அக்கா.

"பதினஞ்சு நாள். இடப்பக்கம் மட்டும் நூத்தி அஞ்சு" என்றார் மில்லி. "புதன் வரைக்கும் விட்டா இன்னும் இருபத்தொண்ணு."

"அப்புறமா வெளிய வந்தா யார் தலையை உருட்டுவாங்க?"

மில்லி மச்சானைத் திரும்பிப் பார்த்தார்.

"பைப் போட்டவன் தலையை. அது என் தம்பி தலை. உங்க தலைக்கு ஒண்ணும் ஆகாது, நீங்க கண்ணாடி அறையில இருப்பீங்க."

"நான் அப்படி விட்டுருவேனா?"

"விடமாட்டீங்க. ஆனா அன்னைக்குச் சொல்றதுக்கு இன்னைக்கே சொல்லலாமே. தண்ணி சுடுறது எனக்கு இல்ல, பணம் கட்டி ஏறப்போறவங்களுக்கு."

மச்சான் அக்காவை முறைத்தான். "நீ இவருக்கு வக்கீலா, எனக்கு வக்கீலா?"

"நான் தண்ணிக்கு வக்கீல். சாப்பிடு" என்று தட்டை அவன் முன்னால் நகர்த்தினாள்.

மில்லியும் சாப்பிட உட்கார்ந்தார். சாப்பிட்டார், தட்டைக் கழுவி வைத்தார். திங்கட்கிழமை காலை, தொழிற்சாலையின் முதல் சங்கு ஊதுவதற்குள் வரைபட அம்மாவின் மேஜை முன்னால் போய் நின்றார். உட்காரச் சொன்னதற்கும் உட்காரவில்லை. நடந்ததை நேராகச் சொன்னார்.

வரைபட அம்மா பென்சிலைக் கீழே வைத்தார். "எல்லாத்தையும் திருப்பச் சொன்னது யாரு?"

"நான்தாம்மா."

"குழாய்க்காரர் ஒண்ணும் கேக்கலையா?"

"கேட்டார். நான் சிரிச்சேன்."

அந்த அம்மா தாளை இழுத்து அந்த ஒரு வரியைப் பார்த்தார். பிறகு தொலைபேசியை எடுத்துத் தொழிற்சாலையை நிறுத்தச் சொன்னார். வைத்துவிட்டு, "அந்த ஒரு வரியை எழுதினது நான். அதுவும் தப்புதான்" என்றார். மறுபடி பென்சிலை எடுத்தார்.

வெளியே மச்சான் காத்துக்கொண்டிருந்தான். "சொல்லிட்டீங்களா?"

"சொல்லிட்டேன்."

"நான் கேட்டதைச் சொன்னீங்களா?"

"சொன்னேன்."

"நீங்க சிரிச்சதை?"

"அதையும் சொன்னேன்."

"கொட்டகையே சிரிச்சதை?"

"அதைச் சொல்லல."

"அதைத்தான் அத்தான் முதல்ல சொல்லியிருக்கணும்."

புதன்கிழமை அறிவிப்பு வந்தது. போர்மேன் வேலை தொப்பிக்காரருக்குப் போனது. தொப்பிக்காரர் என்றால், வெயிலோ நிழலோ தலையிலிருந்து தொப்பியை எடுக்காத இன்னொரு தச்சர், நல்ல மனிதர்தான். அவரே மில்லியிடம் வந்து, "இது உனக்கு வர வேண்டியது" என்று ஆரம்பித்தார். "மேஜையை சன்னல் பக்கம் போடு, கிழக்கு வெளிச்சம் வரும்" என்றார் மில்லி. ஆனால் வீட்டுக்கு வந்து சட்டையைக்கூட மாற்றாமல் நாற்காலியில் உட்கார்ந்தவர் நெடுநேரம் எழுந்திருக்கவில்லை. அக்கா பக்கத்தில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, அடுத்த வாரம் நூலகத்துக்கு வரப்போகிற புத்தகங்களைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள். அவர் கேட்டாரோ இல்லையோ.

நூற்றைந்தில் எழுபத்து நான்கு பெட்டிகள் தொழிற்சாலை முற்றத்திலேயே இருந்தன, அவர்களே மாற்றிவிட்டார்கள். முப்பத்தொன்று மட்டும் ஏற்கெனவே கப்பலுக்குள் போய்ச் செருகிக் கிடந்தன. அவற்றை வெளியே இழுக்க வழியில்லை. நடைவழிப் பக்கம் ஒரு முழ உயரத்துக்குச் சின்னக் கதவு இருக்கும். அதற்குள் கையை விட்டு, இரண்டு குழாய்களை அறுத்து, குறுக்காக மாற்றி இணைக்க வேண்டும். மச்சானும் மில்லியும் போனார்கள். நாளுக்கு இரண்டு அறை. மச்சான் தோள்வரை உள்ளே விட்டுக்கொண்டு கன்னத்தைச் சுவரில் அழுத்திப் படுத்திருப்பான். மில்லி விளக்கைப் பிடித்திருப்பார்.

"இன்னும் இடது பக்கம் மூணு மில்லி" என்பார்.

"யாரோட இடது அத்தான்? உங்க இடதா, கண்ணாடியோட இடதா?"

பதினாறு நாள் இதையே கேட்டான். பதினாறு நாளும் அவர் வாங்கிக்கட்டிக்கொண்டார்.

அதற்கப்புறம் இடப்பக்கத்து அறைக்கென்று வரைபட அம்மா தனியாக ஒரு வரைபடம் போட்டார். கூடவே ஒரு புது வேலையும் பிறந்தது. கொதிகலன் ஓடத் தொடங்கியதும், பயணிகள் ஏறுவதற்கு முன்னால், யாராவது ஒருவர் அறை அறையாகப் போய்க் குழாயைத் திறந்து, வெந்நீர் வரும்வரை நின்று, கதவையும் இழுப்பறையையும் கட்டிலையும் பார்த்துச் சொல்ல வேண்டும். அந்த வேலையை மில்லிக்குக் கொடுத்தார்கள். அதில் மேஜை கிடையாது, கண்ணாடி அறை கிடையாது. மடக்கு முக்காலி ஒன்று கொடுத்தார்கள். ஆயிரத்து அறுநூறு அறை, அறைக்கு எட்டு நிமிஷம். மூத்த கப்பலில் வெந்நீர் எல்லா அறையிலும் சிவப்புப் பக்கமே வந்தது. ஆனால் இழுப்பறை திறந்தால் கதவில் இடிக்கிற அறை பதினேழு கண்டுபிடித்தார். தொப்பிக்காரர் தொப்பியைக் கழற்றித் தலையைத் தடவிக்கொண்டாராம். அந்தத் தலையை யார்டு அன்றைக்குத்தான் பார்த்தது.

மூத்தவள் கடலுக்குப் போய் ஐந்து வருஷம் ஆகிறது. இரண்டாவதும் மூன்றாவதும் போய்விட்டன. மச்சான் குழாய்ப் பிரிவுக்கே போர்மேன் ஆகிவிட்டான். அறைகளுக்கு இன்றைக்கும் தொப்பிக்காரர்தான். நான்காவது கப்பல் யார்டில் தண்ணீரில் நிற்கிறது, கொதிகலன் போன மாதம் ஓடத் தொடங்கியது. மில்லி இப்போது அதன் ஒன்பதாம் தளத்தில் இருக்கிறார். இன்னும் எழுநூற்றுச் சொச்சம் அறைகள் பார்க்க வேண்டியிருக்கிறது.