தாயின் பெயர் என்ற இடத்தில்

சுவிசில், சோலோதுர்ன் நகரத்துப் பதிவுக் கந்தோரில் என் மகளின் கலியாணப் பதிவு நின்றுபோனது என்னால்தான். அவளுடைய பிறப்புச் சான்றிதழில், தாயின் பெயர் என்ற இடத்தில் என் வீட்டுப் பெயர் இருந்தது. என் பாஸ்போர்ட்டில் இருப்பது பதிவுப் பெயர். எங்கள் யாழ்ப்பாணப் பக்கத்தில் ஒரு ஆளுக்கு இரண்டு பெயர் இருப்பது பெரிய சங்கதி அல்ல. பதிவுப் பெயரால் என்னைக் கூப்பிட்டது பள்ளிக்கூடத்தில் மட்டும்தான். அங்கே நான் இருந்ததும் இரண்டு வருடம். கந்தோர்ப் பெண்ணுக்கு இது விளங்கவில்லை. அவர் கணக்கில் இரண்டு பெயர் என்றால் இரண்டு பெண்கள்.

"நீங்கள்தான் என்னைப் பெத்ததெண்டு காட்டவேணுமாம், அம்மா," என்றாள் மகள். "டிஎன்ஏ சோதனையும் செய்யலாமாம்."

"பெத்தவளைச் சோதிச்சுப் பாக்கவோ? நான் வரமாட்டன்."

அந்தச் சான்றிதழ் முப்பத்திரண்டு வருடமாக என் பெட்டியில் கிடந்தது. எழுத்துக்கூட்டி வாசிக்க எனக்குத் தெரியும். ஆனால் வாசிக்கவில்லை. கந்தோர்க் கடதாசி கந்தோருக்குத்தானே என்று மடித்து வைத்துவிட்டேன்.

அந்தப் பெயரைக் கொடுத்தது யார் என்று எனக்குத் தெரியும். ஊரில் பிள்ளை பிறந்தபோது என் கணவர் சுவிசுக்கு வந்துவிட்டார். நான் காய்ச்சலில் கிடந்தேன். பக்கத்து வீட்டு அக்காதான் பதியப் போனவர். ஊரில் திருத்தம் செய்யலாம், ஆனால் பிள்ளை பிறந்ததை நேரில் அறிந்த ஒருவர் நொத்தாரிசின் முன்னால் சத்தியக் கடதாசி முடித்து அனுப்பவேண்டும் என்று யாழ்ப்பாணத்து வழக்கறிஞர் சொன்னார். அறிந்தவர்களில் மிச்சம் இருப்பது அந்த அக்கா ஒருவர்தான். அவரும் இப்போது இங்கே சுவிசில்தான், நொஷாட்டலில்.

அவரோடு நான் ஒன்பது வருடமாகக் கதைப்பதில்லை. இங்கே திரிம்பாக் ஊர்க் கோயில் அன்னதானத்தில் என் குழம்பில் புளி கூட என்று பத்துப் பேருக்கு முன்னால் சொன்னவர்.

மூன்று நாள் போனைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். "நான் எடுக்கட்டோ?" என்று மகள் கேட்டாள். அவள் முகம் வாடியிருந்தது. நானே எடுத்தேன்.

"அக்கா, நான் கதைக்கிறன்."

"ஆர், புளிக்குழம்போ?"

விழுங்கிக்கொண்டேன். விஷயத்தைச் சொன்னேன்.

"பதியிற ஐயா தாயின்ர பேரைக் கேட்டார். நாங்கள் கூப்பிடுற பேரைச் சொன்னன். உனக்கு வேற பேர் இருக்கெண்டு ஆர் கண்டது? எண்டைக்கு வரவேணும், அதைச் சொல்லு."

முழங்கால் வருத்தத்தோடு, பனி கொட்டிய ஒரு காலையில் ரயிலில் வந்து இறங்கினார். கையில் எனக்கும் சேர்த்துக் கட்டிய இடியப்பப் பார்சல். நொத்தாரிசு கேட்டதை மகள் தமிழில் சொன்னாள்: இரண்டு பெயரும் இந்த ஒரு பெண்தான் என்று எப்படித் தெரியும்?

"பிள்ளை பெறேக்க இவள் என்னைப் பேசின பேச்சை இங்க சொல்லேலாது," என்றார் அக்கா. "ஆனா பேசினது இவள்தான். பிள்ளையை முதல் வாங்கினது இந்தக் கை."

மகள் அதை ஜெர்மனில் சொல்லும்போது பாதியில் குரல் இறங்கிவிட்டது. நொத்தாரிசு அவசரப்படுத்தவில்லை. தண்ணீர் எடுத்துக் கொடுத்தார். அந்த மனிதரையும் நான் மறக்கமாட்டேன்.

நாலு மாதம் கழித்துத் திருத்திய சான்றிதழ் வந்தது. இந்த முறை நானே எழுத்துக்கூட்டி வாசித்தேன், இரண்டு தரம். பிறகு நொஷாட்டலுக்குப் போன் எடுத்தேன்.

பதிவுக்கு இரண்டு சாட்சி வேண்டும். ஒன்று அக்காதான் என்று மகள் சொல்லிவிட்டாள். எனக்கு அது பெரிய நிம்மதி. நான் எப்படி நன்றி சொல்வதென்று தெரியாமல் இருந்தேன். அன்று கந்தோர்ப் பெண் பெற்றோரின் பெயர்களை உரத்து வாசித்துக்கொண்டு வந்தார். என் பதிவுப் பெயர் வந்ததும், யாரும் கேட்காமலே அக்கா எழுந்து நின்றார்.

"ஓம், அது இவள்தான்," என்றார்.