சத்தமில்லாமல் விழத் தெரிந்தவர்

ஒஸ்லோவின் ரொம்மன் நிலையத்தில் ரயிலுக்கு நின்றபோது குணம் அண்ணையின் மகள் அழைத்தார். "மாமா, அப்பா எங்களை விட்டிட்டுப் போயிட்டார்" என்றார். மேடையில் எத்தனையோ தடவை விழுந்து எழும்பிய மனிதர். நம்ப மனம் வரவில்லை. இன்னும் வரவில்லை.

ஒஸ்லோவில் பலருக்கு அவரைப் பேருந்துச் சாரதியாகத் தெரியும். எங்கள் நாடகக் குழுவுக்கு அவர் மேடைச் சாமான் தூக்கத்தான் வந்தார். முதல் பொங்கல் விழாவிலேயே, காட்சி மாற்றி முடியுமுன் யாரோ திரையைத் திறந்துவிட்டார்கள். அரண்மனையின் அட்டைச் சுவரை ஆளுக்கொரு பக்கம் பிடித்தபடி நானும் அவரும் நடுமேடையில் நின்றோம். நான் ஓடப் பார்த்தேன். அவரோ கம்பளித் தொப்பியைக் கழற்றிச் சபையை வணங்கிவிட்டு, சுவரோடு சேர்ந்து அப்படியே சாய்ந்தார். மண்டபம் அதிர்ந்தது. கைபேசிக்குள் தலையை விட்டிருந்த பிள்ளைகள்கூட விழுந்து விழுந்து சிரித்தார்கள். அரசராக நடித்தவர் மட்டும் பல நாள் எங்களோடு கதைக்கவில்லை.

அதன்பின் ஆண்டுதோறும் எங்களுக்கு வசனமில்லாத ஒரு நகைச்சுவை. பழைய ஊமைப்படங்களைப் போல வெள்ளை பூசிய முகம், மேடைக்குப் பின்னால் வேலை செய்யும் இரண்டு ஆட்களாக நாங்கள், ஓர் ஏணி. "நீ சிரிக்கப்படாது. விழுறது நான், சிரிக்கிறது சனம். உனக்கு அங்கை வேலையில்லை" என்பார்.

அவருக்கு ஒரேயொரு குறை. மனைவி சாந்தி அக்கா எப்போதும் மேடையோரத்தில், அடிபட்ட இடத்தில் பூச நோவெண்ணெயோடு, பயந்தபடி நிற்பார்.

"ஒருக்கா முன்னாலை இருந்து பாருமப்பா" என்று அண்ணை கெஞ்சுவார்.

"நான் அங்கை இருந்தா, விழேக்கை உங்களை ஆர் தூக்கிறது?"

"சனமெல்லாம் சிரிக்குது, இவ ஒருத்தி முழுசிக்கொண்டு நிக்கிறா" என்று என்னிடம் சொல்லிக் குறைப்படுவார். அவர் விரும்பியது அந்த ஒரு சிரிப்பைத்தான்.

நேற்று இறுதிக்கிரியை முடிந்து ரொம்சோஸில் உள்ள அவர்கள் வீட்டில் கூடியிருந்தோம். முன்வரிசையிலிருந்து தான் எடுத்த காணொளியை மகள் தொலைக்காட்சியில் போட்டார். அண்ணை ஏணியைத் தோளில் வைத்தபடி திரும்பினார்; அது தூணில் முட்டி அவரையே சுழற்றி வீழ்த்தியது. அக்கா சிரித்தார். வாயைப் பொத்திக்கொண்டு, தோள் குலுங்க, வந்திருந்தவர்களை மறந்து சிரித்தார்.

"இந்த மனுசன் இவ்வளவு பகிடியாவே விழுந்தவர்? ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லையே."

கண்ணைத் துடைத்துக்கொண்டு மகளைப் பார்த்தார். "திருப்பிப் போடு பிள்ளை."

அண்ணை, அக்கா முன்னாலிருந்து பார்த்துவிட்டார். அந்தச் சிரிப்பைக் கேட்க நீங்கள் இல்லையே என்றுதான் மனம் கிடந்து தவிக்கிறது. போய் வாருங்கள்.